பட்டம் பெறாத பேராயர்

(புதுச்சத்திரத்தில் நடைபெற்ற நம் கல்லூரி முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"இளைஞர்களுக்குப் பயன்படுகிற மாதிரி ஒரு பெரியவரைப் பற்றிப் பேசுங்க" என்று விழாக் குழுவினர் கேட்டுக்கொண்டார்கள். விவேகானந்தர் இருக்கிறார், காமராஜர் இருக்கிறார், அப்துல் கலாம் இருக்கிறார். அவர்களைப் பற்றி என்னைவிட நன்றாகப் பேசக்கூடியவர்கள் இந்த மேடையிலேயே உட்கார்ந்திருக்கிறார்கள். அதனால் நம் பக்கத்தில் அதிகம் பேசப்படாத ஒரு தமிழரை எடுத்துக்கொண்டேன். அவர் வேதநாயகம் சாமுவேல் அசரியா. ஆங்கிலிக்கன் திருச்சபையில் அத்தியட்சர் பதவிக்கு வந்த முதல் இந்தியர். அத்தியட்சர் என்றால் பிஷப். பேராயர் என்றும் சொல்கிறார்கள்.

"என்னங்க இது, காலேஜ் விழாவில் பிஷப் கதையா?" என்று நினைக்க வேண்டாம். நான் அந்த மதத்தைச் சேர்ந்தவன் அல்ல. மதம் பேசவும் வரவில்லை. அந்த மனிதர் பேராயர் ஆவதற்கு முன் 14 ஆண்டுகள் வேறொரு வேலை பார்த்தார். வாலிபர்களோடு பழகுவதே அந்த வேலை. அதில் அவர் கற்றுக்கொண்ட ஒரு விஷயம் இன்று நம் சங்கம் எடுக்கவேண்டிய ஒரு முடிவுக்கு நேரடியாகப் பொருந்துகிறது. அதற்காகத்தான் இந்தக் கதை.

அசரியா பிறந்தது 1874 ஆகஸ்டு 17. ஊர் வெள்ளாளன்விளை, அன்றைய திருநெல்வேலிச் சீமை, இன்றைய தூத்துக்குடி மாவட்டம். தேரிக்காடும் பனைமரமும் நிறைந்த பூமி. தகப்பனார் தாமஸ் வேதநாயகம் கிராமத்துக் குருவானவர். வீட்டில் ரொம்ப நாள் ஆண்பிள்ளை இல்லாமல் இருந்து பிறந்தவர் என்பதால் செல்லம் இருந்திருக்கலாம். ஆனால் அந்தச் செல்லம் நீடிக்கவில்லை. 1889-ல், பையனுக்கு 15 வயதாகும்போது தகப்பனார் காலமானார். அதன்பிறகு தாயார் எல்லன் அம்மையாரின் கண்டிப்பில் வளர்ந்தவர் அவர்.

மெய்ஞ்ஞானபுரம், திருநெல்வேலி என்று படித்துவிட்டுச் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரிக்குப் போனார். பாடம் கணிதம். அன்றைக்கு ஒரு கிராமத்துப் பையன் பி.ஏ. வாங்குவது என்றால் சாதாரண விஷயமா? பெயருக்குப் பின்னால் அந்த இரண்டு எழுத்து இருந்தால் சர்க்கார் உத்தியோகம், ஊரில் மரியாதை, எல்லாம் தேடி வரும். நம்ம அசரியாவுக்கு என்ன ஆயிற்று தெரியுமா? இறுதித் தேர்வு சமயத்தில் நோயில் விழுந்தார். பட்டம் கிடைக்கவில்லை. மறுபடியும் உட்கார்ந்து எழுதியிருக்கலாம். அவர் எழுதப் போகவில்லை. வேறொரு வேலை அவரைக் கூப்பிட்டது; போய்விட்டார்.

தம்பிகளே, இந்த இடத்தில் ஒரு நிமிஷம் நிற்கவேண்டும். நாமக்கல் என்றால் ஒரு காலத்தில் முட்டையும் லாரியும்தான். பிறகு மார்க்கும் சேர்ந்துகொண்டது. பிளஸ் டூ மதிப்பெண்ணுக்காக எங்கெங்கிருந்தோ பிள்ளைகளைக் கொண்டுவந்து ஹாஸ்டலில் விட்ட ஊர் இது. மார்க் வாங்கினவனுக்கு ரோட்டோரம் பேனர். வாங்காதவன் என்ன ஆனான் என்று யாரும் கேட்பதில்லை. அந்த ஊரில் நின்று சொல்கிறேன்: பட்டம் வாங்காமல் சென்னையை விட்டு வந்த அந்தப் பையனுக்கு 1920-ல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்தது. இதைக் கேட்டுவிட்டு நாளைக்கே அரியர் பேப்பரைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். அப்புறம் முதல்வர் என்னை உள்ளே விடமாட்டார். ஒரு தேர்வு தவறினால் வாழ்க்கை தவறிவிடாது என்று மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். போதும்.

சரி, அவரைக் கூப்பிட்ட வேலை எது? ஒய்.எம்.சி.ஏ. என்கிற கிறிஸ்தவ வாலிபர் சங்கத்தின் செயலாளர் வேலை.

இந்தச் சங்கம் பிறந்த கதையையும் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். 1844 ஜூன் 6-ஆம் தேதி, லண்டனில், ஜார்ஜ் வில்லியம்ஸ் என்ற 22 வயது இளைஞர் ஆரம்பித்தது அது. அவர் பெரிய பணக்காரர் அல்ல. ஒரு விவசாயக் குடும்பத்துப் பிள்ளை. கிராமத்திலிருந்து லண்டனுக்கு வந்து ஜவுளிக் கடையில் வேலைக்குச் சேர்ந்தவர். விடிந்ததிலிருந்து இருட்டும் வரை கடை. ராத்திரி கடைக்கு மேலேயே படுக்கை. ஊரும் இல்லை, உறவும் இல்லை. கையில் நாலு காசு சேர்ந்தால் சாராயக் கடை கூப்பிடும், சூதாட்டம் கூப்பிடும். "நம்மை மாதிரி வந்த பையன்கள் பேசிப் பழக ஓர் இடம் வேண்டும்" என்று சக ஊழியர்களைக் கூட்டி அவர் தொடங்கியதுதான் இந்தச் சங்கம். நம்ம பாஷையில் சொன்னால் வாலிபர்களுக்கு ஒரு சத்திரம். நம் ஊரின் பெயரிலேயே ஒரு சத்திரம் இருக்கிறது அல்லவா? வழிப்போக்கன் கை கால் கழுவி, ஒரு வாய் சாப்பிட்டு, பயமில்லாமல் படுத்து எழுந்து போகிற இடம். வாலிப வயசே ஒரு வழிப்பயணம்தானே!

அந்தச் சங்கம் 1890-ல் சென்னையில் வேர்விட்டது. அமெரிக்காவிலிருந்து வந்த டேவிட் மெக்கானகி என்பவர் அதை நடத்தினார். 1895-ல் அசரியா அதில் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது 21 கூட நிறையவில்லை. இன்று இங்கே மூன்றாம் ஆண்டு படிக்கிற தம்பியின் வயது.

இதில் ஒரு சுவையான செய்தி உண்டு. அதே 1895-ல்தான் அமெரிக்காவில் ஹோலியோக் என்ற ஊரில், ஒய்.எம்.சி.ஏ.வைச் சேர்ந்த வில்லியம் மார்கன் வாலிபால் ஆட்டத்தைக் கண்டுபிடித்தார். அதற்கு நாலு வருஷம் முன்னால் பாஸ்கெட்பால் பிறந்ததும் ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிக் கல்லூரி ஒன்றில்தான். சாயங்காலமானால் நம் ஊர்களில் ஊருக்குப் பொதுவான களத்தில் இரண்டு கம்பம் நட்டு, வலை கட்டி ஆடுகிறோமே, அந்த ஆட்டத்துக்கும் நாம் பேசுகிற மனிதருக்கும் ஒரே தாய்வீடு. பின்னாளில், 1920-ல், எச்.சி. பக் என்பவர் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். நந்தனத்தில் இருக்கிறதே, அதுதான். தமிழ்நாட்டுப் பள்ளிக்கூடங்களுக்கு எத்தனையோ டிரில் மாஸ்டர்களைத் தயார் செய்து அனுப்பிய இடம் அது.

அசரியாவின் வேலை என்ன? ஊர் ஊராகப் போவது. கல்லூரி ஹாஸ்டல்களில் தங்குவது. மாணவர்களோடு உட்கார்ந்து படிப்பது, பேசுவது, அவர்கள் கஷ்டத்தைக் கேட்பது. நம்ம சங்கக் கணக்கில் எழுதினால் 'பயணப்படி, பேச்சுவார்த்தை' என்று இரண்டு வரியில் முடிந்துவிடும். 1909 வரை 14 ஆண்டுகள் இந்த இரண்டு வரியைத்தான் அவர் வாழ்க்கையாக வாழ்ந்தார். தென்னிந்தியா முழுக்க அவரால் பொது வேலைக்கு வந்த வாலிபர்கள் உண்டு.

1896-ல் ஷெர்வுட் எட்டி என்ற அமெரிக்கர் சென்னைக்கு வந்தார். யேல் பல்கலைக்கழகத்தில் படித்தவர், வசதியான வீட்டுப் பிள்ளை. அசரியாவும் அவரும் சேர்ந்து பயணம் செய்தார்கள். ஒருவர் ஆளும் இனத்தின் நிறம், இன்னொருவர் ஆளப்படுகிற நாட்டின் பனங்காட்டுப் பிள்ளை. அந்தக் காலத்தில் வெள்ளைக்காரரும் இந்தியரும் ஒரே சங்கத்தில் வேலை பார்ப்பார்கள். ஆனால் ஒரே மேசையில் சாப்பிடுவது அபூர்வம். இந்த இரண்டு பேரும் அந்தக் கோட்டைத் தாண்டிச் சிநேகிதர்கள் ஆனார்கள். அந்தச் சிநேகம் கடைசிவரை நிலைத்தது. நட்பு என்றால் என்ன, உபகாரம் என்றால் என்ன, இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்பதை அசரியா இந்த அனுபவத்தில்தான் ஆழமாகத் தெரிந்துகொண்டார் என்று நினைக்கிறேன்.

1902-ல் அவர் யாழ்ப்பாணம் போனார். அங்கே இருந்த தமிழ்க் கிறிஸ்தவ மாணவர்கள் தங்கள் கைக்காசைச் சேர்த்து, தங்களிலிருந்தே ஆளை எடுத்து, கடல் தாண்டித் தமிழ்நாட்டுக்கு ஊழியர்களை அனுப்பிக்கொண்டிருந்தார்கள். அசரியாவுக்குச் சுரீர் என்றது. 'ஒரு சின்ன ஊர்க்காரர்கள் செய்வதை நாம் ஏன் செய்யவில்லை? வெளிநாட்டுப் பணம், வெளிநாட்டு ஆள் என்று எத்தனை நாள் கை நீட்டுவது?' ஊர் திரும்பியவர், 1903 பிப்ரவரி 12-ல் பாளையங்கோட்டையில் நண்பர்களோடு சேர்ந்து திருநெல்வேலி இந்திய மிஷனெரி சங்கத்தைத் தொடங்கினார். 1905 கிறிஸ்துமஸ் அன்று வங்காளத்தில் செராம்பூரில் தேசிய மிஷனெரி சங்கம் தொடங்கியதிலும் அவர் பங்கு பெரிது. இந்தியரின் ஆள், இந்தியரின் பணம், இந்தியரின் நிர்வாகம் என்பதே இவற்றின் கொள்கை. வங்கப் பிரிவினைக்கு எதிராகச் சுதேசி இயக்கம் கிளம்பிய அதே 1905 அது என்பதை நினைவில் வையுங்கள். காலம் ஒன்று, காற்றும் ஒன்று.

இந்த இடத்தில் நம்ம மண்ணைப் பற்றியும் ஒரு வார்த்தை. இந்த முயற்சிகளில் அசரியாவுக்குத் தோள் கொடுத்தவர் கே.டி. பால். அவர் 1876-ல் சேலத்தில் பிறந்தவர். நாமக்கல் தனி மாவட்டமானது 1997-ல்தானே! அதுவரை நாமும் சேலத்துக்காரர்கள்தான். அதனால் அவரை நம்மாளு என்று தாராளமாகச் சொல்லலாம். 1909-ல் அசரியா விலகியபோது தேசிய மிஷனெரி சங்கத்தின் செயலாளர் பொறுப்பை ஏற்றவர் பால். பிறகு இந்தியா முழுவதற்குமான ஒய்.எம்.சி.ஏ.வின் முதல் இந்தியப் பொதுச் செயலாளர் ஆனார். வாலிபர் சங்கம் என்றால் பட்டணத்தில் கட்டடம், அதில் நூலகம், டென்னிஸ் என்று இருந்ததை, கிராமத்துக்குத் திருப்பியவர் அவர். விவசாயி வட்டிக்கடைக்காரனிடம் சிக்காமல் இருக்கக் கூட்டுறவுக் கடன் சங்கம், கைத்தொழில், கிராமப் புனரமைப்பு என்று வேலையை விரித்தார். 1930-ல் லண்டன் வட்டமேசை மாநாட்டுக்குப் போய்வந்து, 1931-ல் காலமானார். இன்று நம்மில் எத்தனை பேருக்கு அவர் பெயர் தெரியும்? சேலத்துக்காரர் என்றால் நமக்கு ராஜாஜி ஞாபகம் வருகிறார், வரட்டும், நல்லது. பால் அவர்களுக்கும் கொஞ்சம் இடம் கொடுக்கலாமே!

மறுபடி அசரியாவுக்கு வருவோம். வாலிபர்களைப் பார்த்து "போங்கள், கஷ்டப்படுகிறவர்களிடம் போங்கள்" என்று ஊர் ஊராகப் பேசுகிறவர் அவர். ஒரு கட்டத்தில் 'நீ போனாயா?' என்ற கேள்வி அவரையே திரும்பிப் பார்த்தது. சென்னையில் நல்ல பதவி, நாடு முழுக்க மரியாதை, மனைவி அன்பு மரியம்மாள், குழந்தைகள். எல்லாம் இருந்தும் 1909-ல் பதவியை விட்டு, குருப்பட்டம் பெற்று, நிஜாம் சமஸ்தானத்தில் தோர்ணக்கல் என்ற இடத்துக்குப் போனார். இன்று அது தெலங்கானாவில், மகபூபாபாத் மாவட்டத்தில் இருக்கிறது. ரயில் ஜங்ஷன் ஒன்று, சுற்றிலும் காடு. முதலில் தங்கியது கூடாரத்தில். தமிழ் அங்கே செல்லாது. 35 வயதில் உட்கார்ந்து தெலுங்கு கற்றுக்கொண்டார். அவர் போய் நின்றது மாலா, மாதிகா என்று ஊருக்கு வெளியே ஒதுக்கி வைக்கப்பட்ட மக்களின் சேரிகளில்.

அடுத்த ஆண்டு, 1910 ஜூன் மாதம், ஸ்காட்லாந்தில் எடின்பரோ நகரில் உலக மிஷனெரி மாநாடு. சுமார் 1200 பிரதிநிதிகள். அதில் ஆசியாக்காரர்கள் இருபது பேர் கூட இல்லை. அந்த அரங்கில் அசரியா எழுந்து பேசினார். எல்லோரும் என்ன எதிர்பார்த்திருப்பார்கள்? "பள்ளிக்கூடம் கட்டித் தந்தீர்கள், ஆஸ்பத்திரி கட்டித் தந்தீர்கள், ரொம்ப நன்றி" என்று கும்பிட்டுவிட்டு உட்காருவார் என்றுதான். அவரும் நன்றி சொன்னார். அவர்கள் செய்த தியாகத்தைத் தலைமுறை தலைமுறையாக மறக்கமாட்டோம் என்றார். அதோடு நிறுத்தவில்லை. எங்களுக்கு அன்பு வேண்டும், நண்பர்கள் வேண்டும் என்று கேட்டார். கொடுக்கிறவர் மேலே, வாங்குகிறவர் கீழே என்கிற தோரணை போகவில்லை என்பதை முகத்துக்கு நேரே சொன்னார்.

சபையில் சிலருக்குச் சுருக்கென்றது. முணுமுணுப்பும் எழுந்தது. உதவி செய்தவர்களைப் பார்த்து, அவர்கள் ஊரிலேயே, அவர்கள் செலவிலேயே போய் நின்று, 35 வயதில் இப்படிப் பேச எவ்வளவு துணிச்சல் வேண்டும்! நூறு ஆண்டுகள் கடந்தும் அந்த மாநாட்டைப் பற்றிப் பேசுகிறவர்கள் இந்தப் பேச்சை மறக்காமல் சொல்கிறார்கள்.

1912 டிசம்பர் 29. கல்கத்தா புனித பவுல் பேராலயத்தில் அசரியாவை அத்தியட்சராக அபிஷேகம் செய்தார்கள். இந்தியர் ஒருவர் அந்தப் பதவிக்கு வருவது அதுதான் முதல் தடவை. அவரை முன்னிறுத்தியவர் சென்னை அத்தியட்சர் ஹென்றி ஒயிட்ஹெட். எதிர்ப்பு இல்லாமல் இல்லை. 'ஒரு இந்தியருக்குக் கீழ் நாங்கள் வேலை செய்வதா?' என்று வெள்ளைக்காரர்களில் ஒரு சாரார். அது எதிர்பார்த்ததுதான். இன்னொரு பக்கம், நம்ம தமிழர்களிலேயே ஒரு சாரார். ஏன்? அசரியா பிறந்தது நாடார் சமூகத்தில். அந்தச் சமூகத்தாருக்குக் கோயில் வாசல் அடைபட்டிருந்த காலம் அது. 1899-ல் சிவகாசியில் கலவரமே நடந்தது. 'அந்தச் சாதிக்காரர் எங்களுக்கு மேலா?' என்று கிறிஸ்தவர்களிலேயே மற்ற சாதிக்காரர்கள் சிலர் எதிர்த்தார்கள். மதம் மாறினார்கள், மனசு மாறவில்லை.

இதைக் கேட்டு நாம் சிரிக்க முடியாது. 2023 ஆகஸ்டில் அதே தென்பகுதியில், நாங்குநேரியில், பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் கூடப் படிக்கிற ஒரு பட்டியலினத்துப் பையனை வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்கப் போன தங்கச்சிக்கும் வெட்டு. அதன்பிறகு அரசு நீதியரசர் சந்துரு தலைமையில் குழு அமைத்தது. 2024-ல் வந்த அந்த அறிக்கையில், சாதியைக் காட்டும் கலர் கயிறு கையில் கட்டி வரக்கூடாது என்று பரிந்துரைக்கிற அளவுக்கு நிலைமை இருந்தது. எல்லாம் தெற்கே நடப்பது, நமக்கு என்ன என்று சொல்லாதீர்கள். நம்ம ஹாஸ்டல் மெஸ்ஸில் யார் யாரோடு தட்டை எடுத்துக்கொண்டு உட்காருகிறார்கள் என்று ஒரு நாள் கவனித்துப் பாருங்கள். சொல்லாமலே நிறைய விஷயம் புரியும்.

அசரியா அந்த எதிர்ப்புக்குப் பதில் அறிக்கை விட்டுக்கொண்டிருக்கவில்லை. வேலையைக் காட்டினார். 32 ஆண்டுகள், சாகும்வரை, தோர்ணக்கல்லிலேயே இருந்தார். 1930-களின் நடுவில் அவர் பகுதியில் சுமார் 250 இந்தியக் குருமார்கள், 2000-க்கும் மேற்பட்ட கிராம ஆசிரியர்கள். பள்ளிகள், மருத்துவ நிலையங்கள், கூட்டுறவுச் சங்கங்கள், அச்சகம் எல்லாம் வந்தன. படிப்போடு விவசாயமும் கைத்தொழிலும் சேர்த்துக் கற்பித்தார்கள். அன்பு அம்மையார் பெண்களிடையே வேலை செய்தார். 1939 ஜனவரி 6-ல் திறக்கப்பட்ட தோர்ணக்கல் பேராலயத்தைப் படத்திலாவது பாருங்கள். இந்துக் கோயில் மண்டபம் மாதிரித் தூண்கள், மசூதி மாதிரிக் குவிமாடங்கள். அந்நியக் கட்டடத்தை அப்படியே இறக்குமதி செய்யவில்லை.

அவரைப் பற்றி மாற்றுக் கருத்து உண்டா என்றால், உண்டு. மதமாற்றம் என்ற விஷயத்தில் காந்தியடிகளுக்கும் அவருக்கும் 1930-களில் கடுமையான கருத்து வேறுபாடு இருந்தது. தாழ்த்தப்பட்ட மக்களின் விடுதலை இந்து சமயத்துக்குள்ளேயே நடக்கவேண்டும் என்றார் காந்தி. எந்த வழியில் போவது என்று தீர்மானிக்கிற உரிமை அந்த மக்களுக்கே உண்டு என்பது அசரியாவின் பக்கம். அந்த வழக்கை நாம் இங்கே தீர்க்கப்போவதில்லை. ஆனால் ஒன்று சொல்லவேண்டும். 1932-ல் ஆங்கிலேய அரசு வகுப்புவாரித் தீர்ப்பு கொண்டுவந்தபோது, கிறிஸ்தவர்களுக்குத் தனித்தொகுதி வேண்டாம் என்று எதிர்த்தவர் இதே அசரியா. தன் ஆட்களுக்குத் தனி நாற்காலி கிடைக்கும் என்று தெரிந்தும், நாட்டில் அது பிளவை வளர்க்கும் என்று வேண்டாம் என்றார்.

1919-ல் தரங்கம்பாடியில், பிரிந்துகிடக்கும் சபைகள் ஒன்றாகவேண்டும் என்று கூடிய கூட்டத்தில் அவர் முன்னணியில் நின்றார். அந்தக் கனவு பலிக்க 28 வருஷம் ஆயிற்று. 1947 செப்டம்பர் 27-ல் தென்னிந்தியத் திருச்சபை பிறந்தது. நாம் சி.எஸ்.ஐ. என்று போர்டில் பார்க்கிறோமே, அது. அதைப் பார்க்க அவர் இல்லை. 1945 ஜனவரி 1-ஆம் தேதி தோர்ணக்கல்லில் காலமானார். மரம் வைத்தவர் பழம் பறிக்கவில்லை.

நண்பர்களே, இப்போது நம் விஷயத்துக்கு வருகிறேன்.

இன்று மதியம் நம் சங்கப் பொதுக்குழுவில் ஒரு தீர்மானம் வருகிறது. சேர்ந்திருக்கிற நிதியை என்ன செய்வது? நுழைவாயிலில் ஒரு வளைவு கட்டலாம் என்று சிலர், செமினார் ஹாலுக்கு ஏ.சி. போடலாம் என்று சிலர், கல்வி உதவித்தொகை கொடுக்கலாம் என்று சிலர். எல்லாம் நல்ல யோசனைதான். நான் எதற்கும் குறுக்கே நிற்கவில்லை. உதவித்தொகைக்கு என் ஓட்டு முதலில் விழும்.

ஆனால் கொஞ்சம் சுற்றிப் பாருங்கள். நாம் இதுவரை கொடுத்ததில் எதில் பெயர் இல்லை? மின்விசிறி இறக்கையில் பெயர், பெஞ்சில் பெயர், தண்ணீர்த் தொட்டியில் பெயர், பீரோவில் பெயர். பெயர் போடுவது தப்பில்லை. மேலே இருந்து காற்று வீசுகிற அந்த மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்திருக்கிற பையன் பெயர் நமக்குத் தெரியுமா? எடின்பரோவில் அசரியா கேட்ட கேள்வி இதுதானே! கொடுத்தீர்கள், சந்தோஷம். எங்களில் யாரோடு பழகினீர்கள்?

யார் அந்தப் பையன், நான் சொல்கிறேன். அப்பா லாரி டிரைவர். வடக்கே லோடு ஏற்றிக்கொண்டு போனால் வீடு திரும்பப் பல நாள் ஆகும். அம்மா கோழிப்பண்ணையில் முட்டை பொறுக்குகிறார். இன்னொருவன் வீட்டில் தறி. இன்னொரு தங்கச்சி வீட்டில் குச்சிக்கிழங்குக் காட்டில் கூலி வேலை. குடும்பத்தில் முதல் ஆளாகக் கல்லூரி வாசலை மிதித்தவர்கள். எந்த வேலைக்கு எப்படி மனுப் போடுவது, இண்டர்வியூவில் எப்படிப் பேசுவது, மூன்று பேப்பர் போய்விட்டால் அடுத்து என்ன செய்வது, வீட்டில் அவசரமாகக் கல்யாணப் பேச்சு எடுத்தால் யாரிடம் சொல்வது? இதையெல்லாம் கேட்க அவர்களுக்கு ஒரு அண்ணனோ அக்காவோ வேண்டும். மின்விசிறி பதில் சொல்லாது.

பாதியில் நின்றுபோகிறவர்கள் இருக்கிறார்களே, அவர்களை நினைத்துப் பாருங்கள். அரியர் விழுகிறது. கூச்சம் வருகிறது. இரண்டு நாள் வராமல் இருக்கிறான். அப்புறம் பாடி கட்டுகிற பட்டறையிலோ ரிக் வண்டியிலோ ஏறிவிடுகிறான். அந்தத் தொழில்களில் கேவலம் ஒன்றும் இல்லை. நம்ம ஜில்லாவையே தாங்குகிற தொழில்கள் அவை. ஆனால் அவன் விரும்பிப் போனானா, வேறு வழி தெரியாமல் போனானா? யாராவது ஒருவர் அவன் வீட்டுத் திண்ணையில் போய் உட்கார்ந்து "என்ன கண்ணு, ஏன் வரலை?" என்று கேட்டிருந்தால், கணக்கு வேறு மாதிரி ஆகியிருக்குமா இல்லையா?

ஆகவே மூன்று யோசனைகளைப் பொதுக்குழு முன் வைக்கிறேன்.

முதலாவது, மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. ஒவ்வொரு செட்டிலிருந்தும் முறைவைத்து நாலைந்து பேர் கல்லூரிக்கு வரவேண்டும். மேடை வேண்டாம், மைக் வேண்டாம், சால்வை வேண்டவே வேண்டாம். மரத்தடியில் உட்கார்ந்து பேசினால் போதும். சாயங்காலம் ஆனால் வாலிபால் வலை கட்டுங்கள். தொப்பையோடு ஆடுங்கள், பிள்ளைகள் சிரிக்கட்டும். சிரிப்பு வந்தால் பேச்சும் வந்துவிடும்.

இரண்டாவது, கல்லூரி அலுவலகத்தின் அனுமதியோடு, இடையில் நின்றுபோனவர்களை வீடு தேடிப் போய்ப் பார்ப்பது. அதற்குப் பெட்ரோல் செலவு மட்டும்தான். திரும்ப வருகிறவனுக்குப் பரீட்சைக் கட்டணத்தைச் சங்கம் கட்டட்டும். வராவிட்டாலும் பரவாயில்லை, அவன் நம் தம்பி என்று அவனுக்குத் தெரிந்தால் சரி.

மூன்றாவது, இன்றைக்கே செய்யக்கூடியது. இன்னும் கொஞ்ச நேரத்தில் பந்தி போடுவார்கள். வழக்கமாக நாம் என்ன செய்வோம்? நம்ம செட், நம்ம ஊர், நம்ம ஆட்கள் என்று கூடி உட்காருவோம். இன்று ஒரு பெரியவர், ஒரு மாணவர், ஒரு பெரியவர், ஒரு மாணவர் என்று உட்காருவோம். பெயரைக் கேளுங்கள், ஊரைக் கேளுங்கள், என்ன படிக்கிறாய், என்ன ஆசை என்று கேளுங்கள். "எந்த ஆளுங்க?" என்று மட்டும் கேட்காதீர்கள். நம்ம பக்கம் அந்தக் கேள்வி ரொம்பச் சாதாரணமாக வாயில் வந்துவிடும். கேட்கிறவருக்கு அது சம்பிரதாயம். பதில் சொல்கிற பிள்ளைக்கு அது ஒரு தேர்வு.

மாணவத் தம்பி தங்கைகளுக்கும் ஒரு வார்த்தை. நட்பு ஒருவழிப் பாதை அல்ல. அசரியா எடின்பரோவில் கை கட்டிக் கெஞ்சவில்லை. நிமிர்ந்து நின்று கேட்டார். நீங்களும் கேளுங்கள். "அண்ணா, உங்க கம்பெனியில் ட்ரெய்னிங் கிடைக்குமா?" என்று கேளுங்கள். "அக்கா, எனக்கு இங்கிலீஷ் பேச வராது, சொல்லிக் கொடுப்பீங்களா?" என்று கேளுங்கள். கேட்பதில் கௌரவக் குறைச்சல் இல்லை. கேட்காமல் உள்ளுக்குள்ளேயே வைத்துப் புழுங்குவதில்தான் நஷ்டம். நாளைக்கு நீங்கள் இந்தப் பக்கம் வந்து உட்காரும்போது, உங்களுக்குப் பின்னால் வருகிற பிள்ளைக்கு நீங்கள் அண்ணன், நீங்கள் அக்கா. யாழ்ப்பாணத்து மாணவர்கள் பணக்காரர்கள் ஆனபிறகு கொடுக்கத் தொடங்கவில்லை. மாணவராக இருக்கும்போதே தொடங்கினார்கள்.

வளைவு கட்டுவதாக முடிவானால் கட்டுவோம். ஆனால் அந்த வளைவுக்குள் நுழைகிற பிள்ளைகளில் ஒருவரையாவது பெயர் சொல்லிக் கூப்பிடத் தெரிந்தவராக நாம் ஒவ்வொருவரும் இருப்போம்.

 பந்திக்கு நேரமாகிவிட்டது. வாருங்கள், கலந்து உட்காருவோம்.